மேல்தோல் மட்டும் கப்பலில் வருகிறது

கடைக்கு வருகிறவர்கள் ப்ளைவுட் ஷீட்டின் முகத்தைத் தடவிப் பார்ப்பார்கள். நான் விளிம்பைப் பார்ப்பேன். எட்டுக்கு நாலு ஷீட்டை நிமிர்த்தி வைத்து நாலு பக்கமும் கண்ணை ஓட்டினால் உள்ளே எத்தனை அடுக்கு, எந்த அடுக்கு எந்த மரம், எங்கே ஒன்றின்மேல் ஒன்று ஏறியிருக்கிறது, எங்கே இடைவெளி விட்டு ஒட்டியிருக்கிறார்கள் என்பதெல்லாம் தெரிந்துவிடும். எண்பதுகளின் நடுவில் கோயம்புத்தூரில் இந்த வியாபாரத்துக்கு வந்தேன். அன்றிலிருந்து இந்த நாட்டு ப்ளைவுட்டில் நடந்த மாற்றம் முழுக்க அந்த விளிம்புக்குள்தான் நடந்தது. முகம் அன்றும் சிவப்புதான், இன்றும் சிவப்புதான்.

நான் வந்த காலத்தில் சரக்கு என்றால் காட்டு மரம். அஸ்ஸாமிலிருந்து ஹாலோங் மரத்தில் செய்தது ரயிலில் வரும். கண்ணூரை ஒட்டிய வளபட்டணத்தில் 1945-இல் தொடங்கிய வெஸ்டர்ன் இந்தியா ப்ளைவுட்ஸ் ஆலையின் சரக்கு லாரியில் வரும். அந்தமான் கர்ஜன் மரத்தில் செய்தது என்று சொன்னால் வாடிக்கையாளர் விலை பேசமாட்டார். ஒரு ஆள் ஒரு பதினெட்டு எம்.எம். ஷீட்டைத் தலைக்கு மேல் தூக்க யோசிப்பான், அத்தனை கனம்.

இந்தியாவில் இந்தத் தொழில் வளர்ந்ததே மேசை நாற்காலிக்காக அல்ல, தேயிலைப் பெட்டிக்காக. வால்பாறை, குன்னூர் எஸ்டேட்டுகளிலிருந்து தேயிலை இறங்கிய அந்தப் பெட்டிகளைப் பார்த்தவர்களுக்குத் தெரியும்: மெல்லிய ப்ளைவுட், ஓரத்தில் தகரப்பட்டி, உள்ளே ஈயத்தாள். இந்தியத் தர நிர்ணய வரிசையில் தேயிலைப் பெட்டி ப்ளைவுட்டுக்கு ஐ.எஸ். 10 என்று எண். வீட்டு மரவேலைக்கான பொது ப்ளைவுட்டுக்கு ஐ.எஸ். 303. எது முந்தி, எது பிந்தி என்று எண்ணே சொல்லிவிடும். பிறகு தேயிலை காகிதச் சாக்குக்கு மாறியது. பெட்டி செய்த ஆலைகள் அலமாரிக்கும் கதவுக்கும் பலகை செய்யத் திரும்பின. அஸ்ஸாமில் பிறந்த கிட்ப்ளை என்ற பெயர் அப்போது எங்கள் ஊர் ஆசாரிகள் வாயில் ப்ளைவுட்டுக்கே பெயராகிவிட்டிருந்தது.

இந்த ஏற்பாட்டை ஒரே நாளில் உடைத்த வழக்கு எங்கள் ஊருக்கு மேலே இருக்கும் நீலகிரி மலையில் தொடங்கியது. கூடலூர் ஜன்மி நிலக் காடுகளில் மரம் வெட்டப்படுவதைத் தடுக்கச் சொல்லி, நிலம்பூர் கோவிலகத்தைச் சேர்ந்த டி.என். கோதவர்மன் திருமுல்பாடு 1995-இல் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். 1996 டிசம்பர் 12-ஆம் தேதி வந்த உத்தரவு கூடலூரோடு நிற்கவில்லை. அருணாசலத்தின் திராப், சாங்லாங் மாவட்டங்களிலும் அவற்றின் எல்லையிலிருந்து அஸ்ஸாமுக்குள் 100 கிலோமீட்டர் வரையிலும் இருந்த அறுவை ஆலை, மரத்தை மெல்லிய தாளாக உரிக்கும் வெனீர் ஆலை, ப்ளைவுட் ஆலை எல்லாவற்றையும் உடனே மூடச் சொன்னது. வடகிழக்கின் ஏழு மாநிலங்களிலிருந்து ரயில், சாலை, ஆறு எந்த வழியிலும் மரம் வெளியே போகக்கூடாது என்றது. நீலகிரிக் காட்டுக்காகப் போட்ட மனுவில் அஸ்ஸாமின் மார்கெரிட்டாவில் ப்ளைவுட் ஆலைகளின் பாய்லர் அணைந்தது.

கொடுத்து வைத்திருந்த ஆர்டருக்கெல்லாம் அந்தக் குளிர்காலத்தில் பதில் வரவில்லை. முன்பணம் பல இடத்தில் முடங்கியது. எங்கள் தொழிலில் இன்றும் அந்த உத்தரவைத் திட்டுகிறவர்கள் உண்டு. நான் திட்டமாட்டேன். காட்டை நம்பிய ஆலைகள் இன்னும் பத்து, பதினைந்து வருடம் ஓடியிருக்கலாம். அதற்குமேல் உரிக்க அந்த மலையில் பருத்த மரம் இருந்திருக்குமா என்பது வேறு விஷயம்.

அஸ்ஸாமில் மூடியது கேரளத்தில் திறந்தது. பெரும்பாவூர் முன்பே மர ஊர்தான். அறுவை ஆலைகள் நிறைய. சுற்றிலும் ரப்பர் தோட்டம். ரப்பர் மரம் 25, 30 வருடத்தில் பால் வற்றும். வெட்டிவிட்டு மறுநடவு செய்வார்கள். வெட்டிய மரம் அதுவரை விறகுக்கும் பேக்கிங் பெட்டிக்கும் போய்க்கொண்டிருந்தது. காட்டு மரம் நின்றதும் அதை உரித்து ஒட்ட ஆரம்பித்தார்கள். கன்னியாகுமரி மாவட்ட ரப்பர் மரமும் லாரி லாரியாக அங்கேதான் போனது.

மரம் இருந்தது, ஒட்டத் தெரிந்த கை வேண்டுமே. அது அஸ்ஸாமிலிருந்து வந்தது. வேலை போன பிரஸ்காரர்களும் லேத்காரர்களும் ரயிலேறிப் பெரும்பாவூர் வந்து சேர்ந்தார்கள். முதலில் வந்தவன் தம்பியை அழைத்தான், தம்பி ஊரையே அழைத்தான். பின்னால் வங்காளத்திலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்தார்கள். நான் சரக்கு எடுக்கப் போகும் ஆலையில் நகாவ் மாவட்டத்துக்காரர் ஒருவர் ஹாட் பிரஸ்ஸில் நிற்பார். பசை தடவிய வெனீர் அடுக்கு உள்ளே போனதும், வெளியே வரும் ஆவியின் வாசத்தை வைத்தே ஈரம் அதிகமா, குறைவா என்று சொல்வார். ஈரம் அதிகமானால் பிரஸ்ஸைத் திறக்கும்போது ஷீட் நடுவில் உப்பிக்கொள்ளும். மீட்டர் வைத்துப் பார்க்கும் சூப்பர்வைசர் அவரிடம் கேட்டுவிட்டுத்தான் மீட்டரைப் பார்ப்பார். ஞாயிற்றுக்கிழமை பெரும்பாவூர்ச் சந்தையில் மலையாளம் குறைவாகத்தான் காதில் விழும்.

ரப்பர் மர ப்ளைவுட்டில் ஒரு சங்கடம். மரத்தில் மாவுச்சத்து அதிகம், வண்டு விரும்பித் தின்னும். உரித்த உடனே போரான் கரைசலில் முக்கி எடுக்காவிட்டால் இரண்டு வருடத்தில் அலமாரிக்குள் மாவு கொட்டும். தொண்ணூறுகளின் கடைசியில் வந்த சரக்கில் இந்தப் புகார் அடிக்கடி வந்தது. வீட்டுக்காரர் கைக்குட்டையில் மாவைக் கட்டிக்கொண்டு வந்து கல்லாப்பெட்டிமேல் வைப்பார். ஷீட்டை மாற்றிக் கொடுக்கலாம், செய்த அலமாரியை எப்படி மாற்றுவது?

வடக்கே இதே நேரத்தில் யமுனாநகர் எழுந்தது. ஹரியானா, பஞ்சாப், மேற்கு உத்தரப் பிரதேச விவசாயிகள் வயல் வரப்பில் பாப்லர் நடுவார்கள். குளிர்காலத்தில் அது இலையுதிர்க்கும். அதனால் அடியில் கோதுமைக்கு வெயில் கிடைக்கும். தீக்குச்சிக்காக விம்கோ கம்பெனி பரப்பிய மரம் அது. குச்சிக்கு வந்தது பலகைக்குப் போனது. பாப்லரும் தைலமரமும் சேர்ந்து யமுனாநகரை இந்தியாவின் பெரிய ப்ளைவுட் சந்தையாக்கின.

மரம் மாறினால் போதாது, இயந்திரமும் மாற வேண்டியிருந்தது. பழைய உரிப்பு லேத்தில் கட்டையின் இரு முனையையும் கவ்விப் பிடித்துச் சுழற்றுவார்கள். கவ்வும் இடம் வரைதான் உரிக்க முடியும். நடுவே தடித்த கட்டை மிச்சமாகும். இரண்டடி விட்டமுள்ள ஹாலோங்குக்கு அது பெரிய நஷ்டமில்லை. ஆறு வருடத் தைலமரத்தை அதில் போட்டால் மிச்சம்தான் பாதி. கவ்வாமல் உருளைகளே கட்டையைச் சுழற்றும் ஸ்பிண்டில்லெஸ் லேத் வந்தபின் விரல் பருமன் குச்சி மிஞ்சும்வரை உரிக்க முடிந்தது. நீதிமன்ற உத்தரவைப் பற்றிப் பேசுகிறவர்கள் இந்த இயந்திரத்தைப் பற்றிப் பேசுவதில்லை. தோட்டத்து மரத்தில் இந்த நாடு இத்தனை பலகை செய்வதற்கு இரண்டுமே காரணம்.

ஆக, உள்ளிருப்பது விவசாயி மரம் ஆகிவிட்டது. முகம் மட்டும் ஆகவில்லை. பாப்லர் வெளுப்பு, தைலமரத்தில் வெடிப்பு, ரப்பரில் கறை. வாடிக்கையாளருக்குச் சிவந்த, கோடில்லாத முகம் வேண்டும். அதற்குக் கர்ஜன் மாதிரி பருத்த, நேரான காட்டு மரம்தான் சரிப்படும். அது நம்மிடம் இல்லை. பர்மாவிலிருந்து (மியான்மர்) வந்தது. காண்ட்லா, மங்களூர் துறைமுகங்களில் உருட்டுக்கட்டையாக இறங்கும். மலேசியாவிலிருந்தும் வந்தது.

இந்த இடத்தில் ஒரு கணக்குப் போட்டால்தான் விஷயம் புரியும். முகத்துக்கு ஒட்டும் வெனீரின் கனம் சுமார் 0.3 எம்.எம். ஒரு கனமீட்டர் மரத்தை அந்தக் கனத்தில் உரித்தால், சேதாரம் கழிக்காமல், 3,300 சதுர மீட்டர் கிடைக்கும். 550 ஷீட்டுகளுக்கு முன்னும் பின்னும் ஒட்டலாம். அதே ஒரு கனமீட்டர் மரம் முழு ஷீட்டாக 18 எம்.எம். கனத்தில் போனால் பதினெட்டு, பத்தொன்பது ஷீட்டுதான். பதினெட்டு எம்.எம். பலகையில் இரண்டு முகமும் சேர்ந்து நூற்றுக்கு மூன்று பங்கைச் சற்றுத் தாண்டும், அவ்வளவே. அந்த மூன்று பங்குக்காகத்தான் இந்திய ஆலைக்காரர்கள் உலகத்தில் பாதி சுற்றினார்கள்.

2014 ஏப்ரல் 1 முதல் உருட்டுக்கட்டை ஏற்றுமதி கிடையாது என்று மியான்மர் நிறுத்தியது. அதற்கு முந்தைய மாதங்களில் கட்டை வாங்கிக் குவிக்க நடந்த ஓட்டத்தில் கர்ஜன் விலை கேட்டால் காலையில் ஒன்று, மாலையில் ஒன்று சொல்வார்கள். கட்டைதானே போகக்கூடாது, உரித்துக் கொண்டுபோகலாமே என்று கம்பெனிகள் அங்கேயே வெனீர் ஆலை போட்டன. பிறகு லாவோஸ். 2016-இல் லாவோஸும் கதவைச் சாத்தியது. அடுத்து ஆப்பிரிக்காவில் கபோன். அந்த நாடு 2010-லேயே கட்டை ஏற்றுமதியை நிறுத்திவிட்டு, வேண்டுமானால் இங்கே வந்து உரியுங்கள் என்று தலைநகர் லிப்ரவில்லுக்குப் பக்கத்தில் நிகோக் என்ற இடத்தில் தொழில் மண்டலம் அமைத்திருந்தது. இந்தியக் கம்பெனிகள் அங்கே லேத்தை இறக்கின. ஒக்கூமே என்ற மரம் இப்படித்தான் நம் சமையலறைக்கு வந்தது.

ஒக்கூமே நல்ல மரம். இலேசு, நேர் நார், பிசிறில்லாமல் உரியும். ஆனால் நிறம் இளஞ்சிவப்பு. கர்ஜனின் அடர்த்தி கிடையாது. நம் ஆட்களுக்கோ சிவப்பு குறைந்தால் தரம் குறைவு. அதனால் பல ஆலைகள் சாயம் ஏற்றின. ஈரத்துணியை எடுத்து முகத்தில் தேய்த்து, துணி சிவந்ததைக் காட்டி, "என்னங்க இது, ஹோலிப் பண்டிகைச் சரக்கா?" என்று கேட்ட ஆசாரியை எனக்குத் தெரியும். அவர் கேட்டதில் நியாயம் பாதிதான். சாயம் ஏற்றியதால் பலகை கெட்டுப்போவதில்லை. பசை நன்றாக இருந்து, கோர் எனும் உள் அடுக்கு நெருக்கமாக இருந்தால், வெளுத்த முகம் உள்ள ஷீட்டும் தலைமுறைக்கு நிற்கும். இதை நான் எத்தனை பேரிடம் சொல்லியிருப்பேன்! கேட்டுக்கொண்டு சிவந்ததைத்தான் எடுத்துப் போவார்கள்.

பசையைப் பற்றி இரண்டு வார்த்தை. யூரியா ஃபார்மால்டிஹைடு பசை போட்டது எம்.ஆர்., கடையில் காமர்ஷியல். ஃபீனால் பசை போட்டது வாட்டர்ப்ரூஃப். அதன் உச்சம் ஐ.எஸ். 710, மரைன் ப்ளைவுட். துண்டை 72 மணி நேரம் கொதிக்க வைத்தாலும் அடுக்கு பிரியக்கூடாது என்பது விதி. படகுக்காக வகுத்த தரம் இது. கடலே இல்லாத கோயம்புத்தூரில் சமையலறை அலமாரிக்கு எல்லோரும் அதைத்தான் கேட்கிறார்கள். கேட்கிறவர்களின் எண்ணிக்கைக்கு ஏற்ப 710 என்ற முத்திரையும் பெருகியது. பொய் முத்திரை அடிக்க ஒரு ரப்பர் ஸ்டாம்பும் கொஞ்சம் மையும் போதும். எனக்கு வந்த ஒரு லோடில் முத்திரை அத்தனை அழகாக இருந்தது. துண்டு வெட்டிக் கடைப் பின்புறம் அடுப்பில் வைத்தோம், மதியச் சாப்பாட்டுக்கு முன்பே ஏழு அடுக்கும் தனித்தனியாக மிதந்தது. அனுப்பிய ஆலைக்காரர் போனில், "தண்ணி ரொம்பச் சூடா இருந்திருக்கும்" என்றார்.

இந்தத் தொழிலின் மொத்த அளவு என்ன என்று கேட்டால் ஆளுக்கொரு விடை வரும். காரணம் உண்டு. கடையில் சதுர அடி. ஆலைக் கணக்கில் எல்லாக் கனத்தையும் நாலு எம்.எம்.முக்கு மாற்றிச் சதுர மீட்டர். அதன்படி ஒரு பதினெட்டு எம்.எம். ஷீட் 13 சதுர மீட்டருக்கு மேல் வரும். சர்வதேச அட்டவணையில் கனமீட்டர். இவற்றை ஒழுங்காக மாற்றத் தெரியாமல் எழுதிய அறிக்கைகளை நான் படித்திருக்கிறேன். அதைவிடப் பெரிய ஓட்டை, கணக்கிலேயே வராத சரக்கு. கலால் வரி இருந்த காலத்தில் வருட விற்பனை ஒன்றரைக் கோடிக்குள் இருந்தால் விலக்கு. ஆகவே ஒரே வளாகத்தில் அப்பா பெயரில் ஒன்று, மருமகள் பெயரில் ஒன்று என்று மூன்று பெயர்ப்பலகை தொங்கும். 2016 நவம்பரில் பணமதிப்பிழப்பு, 2017 ஜூலையில் ஜி.எஸ்.டி. முதலில் 28 சதவீதம் போட்டார்கள், தொழிலே நின்றுபோயிற்று. அதே வருடம் நவம்பரில் 18 ஆகக் குறைத்தார்கள். மறுவருடம் இ-வே பில் வந்தபின் பில்லில்லா லாரி குறைந்தது. அந்த வருடங்களில் உற்பத்தி கூடியதாகப் புள்ளிவிவரம் காட்டினால், அதில் ஒரு பகுதி முன்பே இருந்து இப்போது எழுதப்பட்டது என்றே நான் எடுத்துக்கொள்வேன்.

உற்பத்தியானதெல்லாம் எங்கே போகிறது? இங்கேயே தீர்ந்துவிடுகிறது. அடுக்குமாடிக் கட்டடமும் மெட்ரோ தூணும் தின்பதே ஒரு பெரும் பங்கு: பழுப்பு நிற ஃபிலிம் ஒட்டிய ஷட்டரிங் ப்ளை, பத்துப் பதினைந்து தளம் கான்கிரீட் போட்டபின் தூக்கியெறிவது. மற்றது வீட்டு உள்வேலை. ஏற்றுமதி என்று பெருமையாகச் சொல்ல அதிகமில்லை. வளைகுடாவுக்குக் கொஞ்சம் ஷட்டரிங் ப்ளை போகும். சீனா அடக்கவிலையில் நம்மை நெருங்கவிடாது. ஐரோப்பாக்காரன் ஃபார்மால்டிஹைடு எவ்வளவு வெளியாகிறது என்று கேட்பான். இங்கே வாங்குகிறவர்கள் கேட்பதில்லை, அதனால் விற்கிறவர்களும் அளப்பதில்லை. அந்தச் சோம்பல்தான் ஏற்றுமதிக்குப் பெரிய தடை என்பது என் எண்ணம்.

வருவதோ கூடியது. 2010-இல் ஆசியான் ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தபின் வியட்நாம், இந்தோனேசியாவிலிருந்து கனம் பிசகாத, சமனாகத் தேய்த்த ஷீட்டுகள் வந்தன. நேபாளத்துச் சரக்குக்குச் சுங்கமே கிடையாது. கேரள ஆலைக்காரர்கள் தலையில் கை வைத்தார்கள். எனக்கு ஆசாரிகள் சொன்னதுதான் கவலை தந்தது: அந்த ஷீட்டில் லாமினேட் ஒட்டினால் மேடுபள்ளம் இல்லை. நம் ஷீட்டில் ஒரு மூலை 18, மறு மூலை 16.5. போட்டிக்குப் பயந்துதான் நம் ஆட்களும் காலிபரேட்டட் என்று தேய்த்துக் கொடுக்க ஆரம்பித்தார்கள். பிறகு 2025-இல் ப்ளைவுட்டுக்கு ஐ.எஸ்.ஐ. முத்திரை கட்டாயமாகியது. பி.ஐ.எஸ். உரிமம் பெறாத வெளிநாட்டு ஆலையின் சரக்கு துறைமுகம் தாண்டாது. நேபாள ஆலைகளும் எல்லையில் தடுமாறின. உள்ளூர்ச் சிறு ஆலைகளுக்கும் அதே விதி. விதி நல்லது. ஆனால் உரிமம் இருக்கிறதா என்று பார்க்கும் அதிகாரிகள் ஷீட்டைக் கொதிக்க வைத்துப் பார்க்கிறார்களா என்பதைப் பொறுத்தது அதன் பலன்.

விலையை நிர்ணயிப்பது இவை எதுவுமில்லை, விவசாயியின் மனசு. வடக்கே பாப்லர் விலை விழுந்த வருடங்களில் கன்று நடமாட்டார்கள், நட்டதையும் பிடுங்குவார்கள். ஐந்தாறு வருடம் கழித்து ஆலைவாசலில் மரம் இருக்காது, விலை ஏறும், எல்லோரும் நடுவார்கள், எல்லாம் ஒன்றாக வெட்டுக்கு வரும், விலை விழும். 2022, 2023-இல் கோர் மரம் தாறுமாறாக ஏறியது இந்தச் சுற்றில்தான். ரப்பரிலும் இப்படித்தான்: ரப்பர் பால் விலை படுத்தால் மறுநடவைத் தள்ளிப்போடுவார்கள், பழைய மரம் வெட்டுக்கே வராது. பால் விலைக்கும் அலமாரி விலைக்கும் இருக்கும் இந்த முடிச்சை வாடிக்கையாளரிடம் சொன்னால் நான் ஏமாற்றுவதாக நினைப்பார்.

இப்போது எங்கள் பக்கத்து முறை. மேட்டுப்பாளையம் வனக் கல்லூரி பரப்பிய மலைவேம்பு கொங்கு நாட்டில் நிறைய நிற்கிறது. ஆறேழு வருடத்தில் உரிக்கும் பருமன் வரும். முதல் இரண்டு வருடம் பக்கக் கிளையைக் கழித்துவிட வேண்டும். விட்டால் ஒவ்வொரு முடிச்சும் வெனீரில் ஓட்டையாகும். இதைச் சொல்லாமல் கன்று விற்றவர்கள் பலர். முடிச்சு விழுந்த மரத்தை ஆலை விறகு விலைக்குக் கேட்க, இனி மரமே நடமாட்டேன் என்று போனவர்களும் உண்டு. சன்னமான மரத்துக்கு இன்னொரு வாயும் திறந்திருக்கிறது: ஸ்ரீகாளஹஸ்தி பக்கம் வந்த எம்.டி.எஃப். ஆலை. தைலமரமோ சவுண்டலோ, அரைத்து நாராக்கி அழுத்துகிறவர்களுக்கு முடிச்சு ஒரு பொருட்டில்லை. என் கடையிலேயே மாடுலர் கிச்சன்காரர்கள் ப்ளைவுட்டைவிட அதைத்தான் அதிகம் எடுக்கிறார்கள்.

போன மாதம் அன்னூர்க்காரர் ஒருவர் வந்தார். கிணற்றுத் தண்ணீர் குறைவு, நாலு ஏக்கர். "ஏனுங்கண்ணா, முழுசும் மலைவேம்பு வெச்சுப்போடலாமுங்களா? இப்ப டன்னு நல்ல விலைக்குப் போகுதாமா?" என்றார். இப்போதைய விலை நீங்கள் வெட்டும்போது இருக்காது என்றேன். முழுசும் வேண்டாம், ஒரு ஏக்கர் நடுங்கள், மிச்சம் வரப்பில் வரிசையாக. ஆலை கேட்பது இரண்டடி சுற்றளவு, எட்டடி நீளத்துக்குக் கிளையில்லாத கட்டை. அதற்கு முதல் இரண்டு வருடம் ஏணி வைத்துக் கழிக்க ஆள் கூலி எழுதிக்கொள்ளுங்கள். வெட்டும்போது பெரும்பாவூர் வரை லாரி வாடகை யார் தலையில் என்பதை முன்பே பேசிக்கொள்ளுங்கள். அவர் ஒரு சீட்டில் எல்லாவற்றையும் குறித்துக்கொண்டார். பிறகு கடைக்குள் போய், மகள் கல்யாணத்துக்குக் கட்டில் செய்ய என்று, சிவந்த முகமாகப் பார்த்து நாலு ஷீட் எடுத்தார்.